தலைமாட்டைப் பார்த்துப் போகிற ஒரு சொல்

எக்ஸ்ரே டெக்னீஷியன் படிப்பு படிக்கும் என் தங்கை மகன் ஒருநாள் போன் செய்தான். "மாமா, செஃபலாட்னா மேலேன்னுதானே அர்த்தம்?" மருத்துவப் பாடங்களைத் தமிழில் எழுதிக் கொடுக்கும் வேலையில் இருப்பதால் இப்படிப்பட்ட கேள்விகள் என்னிடம் வருவது வழக்கம். "ஆமாம்ப்பா" என்று சொல்லிவிட்டு வைத்திருப்பேன். அதற்குள் அவனே, "மேலேன்னு நெனச்சுத்தான் மெஷினை மேலே தள்ளினேன். படம் தப்பா வந்துருச்சு, திட்டு வாங்கினேன்" என்றான்.

அவன் மேல் தப்பில்லை. டாக்டர்கள், நர்ஸுகள், விலங்கியல் மாணவர்கள் என்று பலரும் இந்தச் சொல்லை ‘மேலே’ என்றுதான் மனசுக்குள் மொழிபெயர்த்துக்கொள்கிறார்கள். பத்தில் எட்டு முறை அது ஒத்தும் போகும். மீதி இரண்டு முறைதான் சிக்கல்.

செஃபலாட் என்றால் ‘தலையை நோக்கி’. கிரேக்கத்தில் ‘கெஃபலே’ என்றால் தலை. பின்னால் ஒட்டியிருக்கும் ‘ஆட்’ லத்தீன், ‘நோக்கி’ என்று பொருள். இதற்கு நேர் எதிர்ச்சொல் காடாட், ‘வாலை நோக்கி’. அகராதியில் இரண்டும் ஒரு வரியில் முடிந்துவிடும். அந்த ஒரு வரி ஏன் போதவில்லை என்பதற்காகத்தான் இந்தக் கட்டுரை.

கண்டக்டர் சொல்லும் ‘முன்னாடி’

கூட்டமான டவுன் பஸ். நீங்கள் கம்பியைப் பிடித்துக்கொண்டு பின்பக்கம் பார்த்து நிற்கிறீர்கள். கண்டக்டர் "முன்னாடி போங்க, முன்னாடி போங்க" என்கிறார். உங்கள் முகம் பார்க்கும் திசைதான் உங்களுக்கு ‘முன்னாடி’ என்றால், நீங்கள் பின் படிக்கட்டுக்குப் போக வேண்டும். யாரும் அப்படிப் போவதில்லை. டிரைவர் இருக்கும் பக்கம்தான் முன்னாடி என்று எல்லோருக்கும் தெரியும். பஸ் ரிவர்ஸில் போனாலும் அதே பக்கம்தான். பணிமனையில் சும்மா நின்றாலும் அதேதான்.

அதாவது இங்கே ‘முன்னாடி’ என்பது பஸ்ஸின் உடம்போடு ஒட்டிய திசை. உங்களோடும் ஒட்டவில்லை, சாலையோடும் ஒட்டவில்லை.

செஃபலாட்டும் இதே வகை. தலை எந்தப் பக்கம் இருக்கிறதோ அந்தப் பக்கம். ஆள் நின்றால் என்ன, படுத்தால் என்ன, சிரசாசனம் போட்டால் என்ன, திசை மாறாது. கிளையில் தொங்கும் வவ்வாலுக்குத் தலை நோக்கிய திசை தரையைப் பார்க்கிறது. ‘மேலே’ என்ற சொல்லோ பூமியோடு ஒட்டியது. நிற்கிற மனிதனிடம் மட்டும் இரண்டும் ஒன்றாகச் சேர்ந்துவிடுவதால் நாம் ஏமாந்துபோகிறோம்.

தமிழில் இதற்கு நெருக்கமான சொல் காலங்காலமாக இருக்கிறது: தலைமாடு. "சொம்பைத் தலைமாட்டில் வை" என்றால் தண்ணீர் படுக்கையின் தலைப்பக்கம் போகும். படுத்திருக்கிறவர் கிழக்கே தலை வைத்தாரா தெற்கே வைத்தாரா என்று யாரும் கேட்பதில்லை. பழந்தமிழில் ‘மாடு’ என்றால் பக்கம். அவர்களுக்கு ஆட், நமக்கு மாடு. தற்செயல்தான், ஆனாலும் நினைவில் வைத்துக்கொள்ள உதவும்.

யாருக்கு மேலே?

‘மேலே’ என்று சொன்னால் என்ன குறைந்துவிடும் என்று கேட்கலாம். ஒரு பசுவையும் ஒரு மனிதனையும் பக்கத்தில் நிறுத்திப் பாருங்கள். மனிதனின் நெஞ்சுக்கு ‘மேலே’ கழுத்து இருக்கிறது. பசுவின் நெஞ்சுக்கு ‘மேலே’ முதுகு இருக்கிறது. மனிதனுக்கு ‘முன்னே’ என்றால் வயிற்றுப்பக்கம். பசுவுக்கு ‘முன்னே’ என்றால் தலைப்பக்கம். ஒரே உறுப்பை இரண்டு உடம்பிலும் ஒப்பிட்டு எழுத வேண்டியவருக்கு மேல், கீழ், முன், பின் என்ற நான்கு சொல்லும் காலை வாரிவிடும்.

இதயத்துக்கு வரும் பெரிய சிரைகளில் ஒன்றை மனித உடலியலில் மேற்பெருஞ்சிரை என்கிறோம். நாய்க்கும் குதிரைக்கும் அதே சிரை இதயத்துக்கு மேலே இல்லை, கழுத்துப்பக்கமாக முன்னால் இருக்கிறது. அதனால் கால்நடை மருத்துவர்கள் அதை ‘மேல்’ என்று சொல்லாமல் ‘மண்டைப்பக்கச் சிரை’ என்று பொருள்படும் பெயரால் அழைக்கிறார்கள். சிரை ஒன்றுதான். நான்கு காலில் நிற்கிற உடம்பு, இரண்டு காலில் நிற்கிற உடம்பு என்பதால் பெயர் மாறிவிட்டது.

நாக்கு மீன் இன்னும் வேடிக்கை. மணலோடு ஒட்டிப் படுத்திருக்கும் அந்தத் தட்டை மீனைச் சந்தையில் பார்த்தால், கண்கள் இருக்கும் பழுப்புப் பக்கத்தை முதுகு என்று நினைப்போம். அது முதுகே இல்லை, இடது விலா. குஞ்சாக இருக்கும்போது மற்ற மீன்களைப் போல ஆளுக்கொரு பக்கம் இருந்த கண்களில் ஒன்று, வளர வளர மறுபக்கத்துக்கு நகர்ந்துவிடுகிறது. மீன் அப்படியே ஒருக்களித்துப் படுத்து வாழ்கிறது. அதற்கு ‘மேலே’ என்றால் இடப்பக்கம். தலையும் வாலும் மட்டும்தான் எந்தக் குழப்பமும் இல்லாமல் இருந்த இடத்தில் இருக்கின்றன.

இதுவரை சொன்னது இவ்வளவுதான்: மேலே, கீழே இரண்டும் பூமியைச் சார்ந்தவை. தலை நோக்கி, வால் நோக்கி இரண்டும் உடம்பைச் சார்ந்தவை.

தென்றலும் எக்ஸ்ரே குழாயும்

இப்போது என் மருமகன் திட்டு வாங்கிய இடத்துக்கு வருவோம். எனக்கு இதில் பிடித்த பகுதியும் இதுதான்.

தோளையும் நெஞ்சையும் இணைக்கும் காறை எலும்பை நேராகப் படம் எடுத்தால் விலா எலும்புகள் அதன் மேல் விழுந்து மறைக்கும். அதனால் எக்ஸ்ரே கதிரை 15 முதல் 30 டிகிரி வரை செஃபலாட்டாகச் சாய்ப்பார்கள். கதிர் முன்னாலிருந்து நுழைந்து, தலைப்பக்கமாகச் சாய்ந்தபடி பின்னால் இருக்கும், படம் பதியும் தட்டில் விழும். காறை எலும்பு உடம்பின் முன்பக்கம், தட்டிலிருந்து தள்ளி இருப்பதால் அதன் நிழல் அதிகம் நகரும். பின்னால் தட்டுக்குப் பக்கத்தில் இருக்கும் விலாவின் நிழல் கொஞ்சம்தான் நகரும். காறை எலும்பு தனியாகத் தூக்கிக் காட்டும். கரண்ட் போன நேரத்தில் டார்ச்சைத் தாழ்வாகப் பிடித்து மேல்நோக்கி அடித்தால், சுவரில் கை நிழல் உயரே ஏறுகிறதல்லவா, அதே கணக்கு.

இதில் பொறி எங்கே? கதிர் தலையை நோக்கிப் போக வேண்டும் என்றால், கதிரைக் கக்கும் குழாய் கால்பக்கமாக இறங்க வேண்டும். ‘செஃபலாட் 15’ என்றதும் பையன் குழாயைத் தலைமாட்டுக்குத் தள்ளி, அங்கிருந்து காறை எலும்பைக் குறிபார்த்திருக்கிறான். கதிர் காலை நோக்கிச் சாய்ந்துவிட்டது. அதாவது அவன் கொடுத்தது காடாட். காறை எலும்பின் நிழல் கீழே இறங்கி விலாக்களோடு கலந்துவிட்டது.

இதை அவனுக்கு விளக்கத் தென்றலைத்தான் துணைக்குக் கூப்பிட்டேன். தென்றல் எங்கிருந்து வருகிறது? தெற்கிலிருந்து. எங்கே போகிறது? வடக்கே. பெயர் வைத்தது புறப்பட்ட இடத்தைப் பார்த்து. வாடை வடக்கிலிருந்து, கொண்டல் கிழக்கிலிருந்து, கோடை மேற்கிலிருந்து. நம் காற்றுகள் நான்குக்கும் இதுதான் விதி. ஆட் என்று முடியும் சொற்களுக்கு விதி தலைகீழ். அவை போய்ச் சேரும் இடத்தின் பெயரைத்தான் சொல்லும், புறப்பட்ட இடத்தைப் பற்றிக் கவலைப்படாது. அந்தக் கணக்கில் தென்றலுக்குப் பெயர் வைத்தால் அது ‘வடக்குநோக்கி’ ஆகிவிடும். கேட்கவே நன்றாக இல்லை, ஆனால் எக்ஸ்ரே அறையில் இந்த விதிதான் செல்லுபடியாகும்.

"அப்போ டியூபைப் பார்க்கக் கூடாது, கதிர் போற பக்கத்தைப் பார்க்கணும். அதானே மாமா?" என்றான். அதேதான்.

தலையில் இருப்பதும் தலைக்குப் போவதும்

கர்ப்பிணிகள் கையில் இருக்கும் ஸ்கேன் ரிப்போர்ட்டில் ‘செஃபாலிக்’ என்று ஒரு சொல் இருக்கும். செஃபலாட்டின் நெருங்கிய சொந்தம். குழந்தையின் தலை கருப்பை வாய்ப்பக்கம் இருக்கிறது, தலைதான் முதலில் வரும் என்று பொருள். "தலை திரும்பிடுச்சு" என்று வீட்டில் சொல்வார்களே, அது. பயப்பட வேண்டியதில்லை, பிரசவத்துக்கு அதுதான் தோதான நிலை.

செஃபாலிக் ஒரு பெயரடை. ஒரு பொருள் எப்படிப்பட்டது, எந்தப் பக்கத்தைச் சேர்ந்தது என்று சொல்லும். செஃபலாட் ஒரு வினையடை. ஒரு செயல் எந்தப் பக்கமாக நடக்கிறது என்று சொல்லும். ‘வடக்குத் தெரு’, ‘வடக்கே நடந்தான்’ இரண்டுக்கும் உள்ள வித்தியாசம்தான். வடக்குத் தெருவில் ஒருவன் தெற்கே நடக்கலாம். அதே மாதிரி, உடம்பின் தலைப்பக்கத்தில் இருக்கும் ஒன்று வாலை நோக்கி நகரலாம். இடம் வேறு, திசை வேறு.

முன்கையின் வெளிப்பக்கம் ஓடும் செஃபாலிக் சிரையைக் கண்டு குழம்பாதவர்கள் குறைவு. கையில் ஓடுவதற்கும் தலைக்கும் என்ன சம்பந்தம்? இடைக்கால மருத்துவ அறிஞர் இபின் சீனாவின் அரபு மருத்துவ நூலில் இருந்த ‘அல் கிஃபால்’ என்ற பெயரை லத்தீனுக்கு மாற்றியவர்கள், ஒலி ஒற்றுமையால் கிரேக்கத் தலைச்சொல்லோடு முடிச்சுப் போட்டுவிட்டார்கள் என்பது பரவலாகச் சொல்லப்படும் விளக்கம். அப்புறம் பெயரே பழக்கமாகிவிட்டது.

கீழே வழிந்து ‘மேலே’ போகும் மருந்து

சிசேரியனுக்கு முன் முதுகில் போடும் ஊசியைப் பற்றி நம்மூரில் ஆளுக்கொரு கதை உண்டு. அதில் செஃபலாட்டுக்கு முக்கிய வேடம் இருக்கிறது.

ஊசி இறங்குவது இடுப்புக்குச் சற்று மேலே, முதுகெலும்பு வரிசையின் அடிப்பகுதியில். உள்ளே தண்டுவடத்தைச் சுற்றித் தண்ணீர் போல ஒரு திரவம் இருக்கிறது. மருந்து அதில் கலந்து நரம்புகளை மரக்கச் செய்யும். ஆனால் வயிற்றைத் திறக்க, இடுப்பு மரத்தால் மட்டும் போதாது. மார்புக் காம்பு மட்டம் வரை மரக்க வேண்டும். அதாவது மருந்து ஊசி போட்ட இடத்திலிருந்து தலைப்பக்கமாக நெடுந்தூரம் பரவ வேண்டும். மயக்கவியல் டாக்டர்கள் இதைத்தான் செஃபலாட் பரவல் என்கிறார்கள்.

எது அதைத் தள்ளுகிறது? இதற்குப் பரவலாகப் பயன்படும் ‘ஹெவி’ மருந்தில் சர்க்கரை கலந்திருக்கும். ஒரு மில்லியில் 80 மில்லிகிராம் குளுக்கோஸ். ஜீராவைத் தண்ணீரில் ஊற்றினால் அடியில் போய்த் தங்குவது போல, இந்த மருந்து சுற்றியுள்ள திரவத்தைவிடக் கனமாக இருப்பதால் பள்ளத்தைத் தேடி ஓடும். மல்லாந்து படுத்தவரின் முதுகெலும்பு நேர்க்கோடாக இருக்காது. இடுப்பில் மேடு, நெஞ்சுக்குப் பின்னால் பள்ளம். ஊசி போட்டுப் படுக்க வைத்ததும் மருந்து மேட்டிலிருந்து வழிந்து நெஞ்சுப் பள்ளத்துக்கு வருகிறது.

இங்கே ஒரு நிமிடம் நில்லுங்கள். மருந்து ‘மேலே ஏறுது’ என்று அறுவை அரங்கில் எல்லோரும் சொல்வார்கள். உண்மையில் அது புவியீர்ப்பில் கீழே இறங்கிக்கொண்டிருக்கிறது. இறங்கி இறங்கித்தான் தலைப்பக்கம் போகிறது. இன்னும் கொஞ்சம் போக வேண்டும் என்றால் மேஜையின் தலைப்பக்கத்தை மேலும் தாழ்த்துவார்கள். ‘மேலே’ என்ற சொல்லை மட்டும் வைத்துக்கொண்டு இதை விளக்கப் பார்த்தால் நாக்கு சுளுக்கிக்கொள்ளும்.

எவ்வளவு தூரம் போயிருக்கிறது என்று தெரிந்துகொள்ள, டாக்டர் குளிர்ந்த பஞ்சைத் தொப்புள், நெஞ்சு என்று படிப்படியாகத் தொட்டு "ஜில்லுனு இருக்கா?" என்று கேட்பார். சுண்டுவிரல் மரத்துப்போகிறது என்று நோயாளி சொன்னால், மருந்து வேண்டிய எல்லையைத் தாண்டிக் கழுத்து நரம்புகளை எட்டிவிட்டது என்று அர்த்தம். மூச்சுக்கான உதரவிதானத்தை இயக்கும் நரம்பு கழுத்தில்தான், இன்னும் சற்றுத் தலைப்பக்கமாகப் புறப்படுகிறது. அதனால்தான் "கை எப்படிம்மா இருக்கு, விரலை அசைங்க" என்று திரும்பத் திரும்பக் கேட்கிறார்கள். நம் ஆட்கள் அதைப் பேச்சுத் துணை என்று நினைத்துக்கொள்வார்கள்.

ஏறாமலே ஏறுவது

அதே ஊசியை ஏன் இடுப்புப்பக்கம் போடுகிறார்கள்? தண்டுவடம் அவ்வளவு தூரம் வருவதில்லை. பெரியவர்களுக்கு அது இடுப்பு முள்ளெலும்புகளில் முதல் இரண்டுக்குள் முடிந்துவிடுகிறது. அதற்குக் கீழே நரம்பு இழைகள் மட்டும்தான் திரவத்தில் மிதக்கின்றன. பச்சிளங்குழந்தைக்கு அதே முனை இன்னும் கொஞ்சம் கீழே இருக்கும். கருவின் தொடக்கத்திலோ தண்டுவடம் முதுகெலும்பின் முழு நீளத்துக்கும் இருந்தது.

அப்படியானால் தண்டுவடம் செஃபலாட்டாக நகர்ந்ததா? பாடப்புத்தகம் அப்படித்தான் சொல்லும். உண்மையில் அது எங்கும் நகரவில்லை. சுற்றியுள்ள எலும்பு அதைவிட வேகமாக வளர்ந்துவிட்டது. போன தீபாவளிக்கு எடுத்த பேன்ட் இந்தத் தீபாவளிக்குக் கணுக்காலுக்கு மேலே ஏறிவிடுகிறதே, பேன்ட்டா ஏறியது? உடம்பில் ‘நகர்ந்தது’ என்று சொல்லப்படும் பல உறுப்புகளின் கதை இதுதான். செஃபலாட் என்பது எப்போதும் எதையாவது ஒப்பிட்டுச் சொல்லும் சொல்.

சிறுநீரகம் இதைவிடச் சுவையான பயணி. கருவில் அது உருவாவது இடுப்புக்குழியில். ஆறாவது வாரம் முதல் ஒன்பதாவது வாரத்துக்குள் தலைப்பக்கமாக நகர்ந்து விலாவுக்கு அடியில் வந்து சேரும். ‘ஏற்றம்’ என்று இதைச் சொல்வது வழக்கம். ஆனால் அந்தக் கரு அப்போது தண்ணீரில் எப்படி வேண்டுமானாலும் மிதக்கிறது, அதற்கு ஏது ஏற்றமும் இறக்கமும்? தலை நோக்கி என்றால் மட்டும்தான் வாக்கியம் உண்மையாகிறது. சிலருக்கு இரண்டு சிறுநீரகங்களின் அடிமுனைகளும் ஒட்டிக்கொண்டு குதிரை லாடம் போல ஆகிவிடும். அப்போது வழியில் குறுக்கே இருக்கும் குடல் தமனி ஒன்றில் தட்டி அங்கேயே நின்றுவிடும். 400 முதல் 600 பேரில் ஒருவருக்கு இப்படி அமைகிறது. பலர் வேறு எதற்கோ ஸ்கேன் எடுக்கும்போதுதான் தெரிந்துகொள்கிறார்கள்.

விரைகள் எதிர்த்திசைக்காரர்கள். சிறுநீரகத்துக்குப் பக்கத்தில் தொடங்கி வாலை நோக்கி, அதாவது காடாட்டாக, நகர்ந்து விரைப்பைக்கு வருகின்றன. கயிற்றோடு கிணற்றில் இறங்கும் வாளி போல, தன் ரத்தக்குழாயை இழுத்துக்கொண்டே வரும். அதனால்தான் பெரியவர்களிடமும் அந்தத் தமனி சிறுநீரகத் தமனிக்குப் பக்கத்திலேயே கிளம்பி அவ்வளவு நீளமாக இறங்குகிறது.

நண்டு, இறால், கணவாய்

விலங்கியலுக்கு வந்தால் இன்னொரு தவறான எண்ணம் உடைகிறது. போகிற திசைதான் தலை இருக்கும் திசை என்று நாம் எடுத்துக்கொள்கிறோம். நாய்க்கும் மாட்டுக்கும் அது சரி. கடற்கரை ஓரத்தில் அது செல்லாது.

நண்டு பெரும்பாலும் பக்கவாட்டில் நடக்கும். அதற்கு லேட்டராட் என்று சொல் உண்டு, ‘பக்கத்தை நோக்கி’. இறால் பயந்தால் வயிற்றுப்பகுதியைச் சட்டென்று மடக்கி வாலால் தண்ணீரை உதைத்துப் பின்னால் பாயும். அது தப்பி ஓடுவது காடாட்டாக. கணவாய் தலைக்காலி இனம், தலையிலேயே கைகள் முளைத்தது. அவசரத்தில் தண்ணீரைப் பீய்ச்சிக்கொண்டு பாயும்போது உடலின் கூர்முனைதான் முன்னே போகும். தலையும் கைகளும் பின்னால் இழுபட்டு வரும். ‘கணவாய் முன்னே பாய்ந்தது’ என்று எழுதினால் படிப்பவர் தலை முன்னே போனதாக நினைத்துக்கொள்வார். ‘தலைக்கு எதிர்ப்பக்கமாக’ என்று எழுதினால் சந்தேகமில்லை.

நட்சத்திர மீனிடம் போனால் செஃபலாட்டே கையை விரித்துவிடும். அதற்குத் தலை என்று தனியாக எதுவும் இல்லை. அடிப்பக்கம் வாய் இருக்கிறது, அவ்வளவுதான். அதனால் அங்கே திசைக்கு வாய்தான் ஆதாரம்: வாய்ப்பக்கம், வாய்க்கு எதிர்ப்பக்கம். இதே வாய்க் கணக்கை மனிதக் குடலுக்கும் பயன்படுத்துகிறார்கள். வாயை நோக்கி ஓராட், வாயை விட்டு விலகி அபோராட். நம் பெருங்குடல் வலது அடிவயிற்றிலிருந்து மேலே ஏறி, குறுக்கே ஓடி, இடப்பக்கம் இறங்குகிறது. அதில் உணவு எந்தப் பக்கம் நகர்கிறது என்று மேல், கீழ் வைத்துச் சொல்ல முடியாது, தலை, வால் வைத்தும் சொல்ல முடியாது. வாயை விட்டு விலகுகிறது என்றால் முடிந்தது. வாந்தி மட்டும் ஓராட்.

சுருக்கமாக: எந்த உடம்பில் எந்த அடையாளம் அசையாமல் இருக்கிறதோ அதை வைத்துத்தான் திசைச்சொல் பிறக்கிறது. தலை இருந்தால் தலை. இல்லாவிட்டால் வாய்.

யார் தொடங்கிவைத்தது

இந்த ‘ஆட்’ வாலைச் சொற்களில் ஒட்டிவிட்டவர் எடின்பரோ நகர உடற்கூற்றியல் ஆசிரியர் ஜான் பார்க்லே. 1803இல் உடற்கூற்றுச் சொற்களைச் சீர்படுத்த ஒரு தனி நூலே எழுதினார். மனித உடலோடு நிறுத்திக்கொள்ளாமல் விலங்குகளின் உடலையும் ஒப்பிட்டுப் பாடம் நடத்தியவர் அவர். யானை எலும்புக்கூட்டின் மேல் அவர் சவாரி வருவது போல அந்தக் காலத்திலேயே ஒரு கேலிச்சித்திரம் வந்திருக்கிறது. யானைக்கும் மனிதனுக்கும் சேர்த்துப் பாடம் எடுப்பவருக்கு ‘மேலே’ என்ற சொல் எவ்வளவு தொல்லை கொடுத்திருக்கும் என்று யோசித்தால், அந்த நூல் ஏன் வந்தது என்பது புரிந்துவிடும்.

அவர் சொன்ன வழி எளிது. ‘அல்’ என்று முடிந்தால் அது பக்கத்தைக் குறிக்கும். அதையே ‘ஆட்’ என்று மாற்றினால் அந்தப் பக்கம் நோக்கி என்றாகும். முதுகுப்பக்கம் டார்சல், முதுகு நோக்கி டார்சாட். உடம்பின் நடுப்பகுதிக்குத் தலைக்குப் பதிலாக, கழுத்தின் முதல் முள்ளெலும்பான அட்லஸை வைத்து ‘அட்லான்டாட்’ என்றெல்லாம் செய்து பார்த்தார். அந்தச் சொல் பிழைக்கவில்லை. ‘ஆட்’ என்ற வாலுக்குத்தான் ஆயுள் கெட்டி.

அமெரிக்காவில் கார்னெல் பல்கலைக்கழகத்தின் பர்ட் கிரீன் வைல்டர் இதைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டார். 1882இல் சைமன் ஹென்றி கேஜுடன் சேர்ந்து, வீட்டுப் பூனையை அறுத்துப் படிப்பதற்கான பெரிய கையேடு ஒன்றை எழுதினார். பூனைக்கும் மனிதனுக்கும் ஒரே சொற்கள் வேண்டும் என்பது அவர் கட்சி. மனித மூளைகளைச் சேகரித்தவர், கடைசியில் தன் மூளையையும் அதே சேகரிப்புக்குக் கொடுத்துவிட்டார். ஆனால் 1895இல் சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில் ஐரோப்பிய உடற்கூற்றியலாளர்கள் ஏற்ற பெயர்ப்பட்டியல், நிற்கிற மனிதனை வைத்து மேல், கீழ் என்றே போனது. என்னைக் கேட்டால் பூனைக்காரர் சொன்னதில்தான் நியாயம் அதிகம்.

இன்று எங்கே, எப்படி

அதனால் இன்று செஃபலாட்டை எல்லா இடத்திலும் கேட்க முடியாது. எக்ஸ்ரே அறை, மயக்கவியல், அறுவைக் குறிப்புகள், பூச்சிகளின் உடலமைப்பை விவரிக்கும் கட்டுரைகள், இவைதான் அதன் ஊர்கள். அமெரிக்க நூல்களில் கொஞ்சம் கூடுதலாக வரும்.

இருக்கிற இடத்திலும் இலக்கண சுத்தமாக இருப்பதில்லை. ‘செஃபலாட் பரவல்’ என்று நானே மேலே எழுதினேன். வினையடையைப் பெயரடை மாதிரி முன்னால் ஒட்டிவிட்டேன். டாக்டர்கள் அப்படித்தான் சொல்கிறார்கள், நானும் சொல்லிவிட்டேன். ‘தொப்புளுக்கு செஃபலாட்டாக இரண்டு சென்டிமீட்டர்’ என்று இடத்தைக் குறிக்கவும் எழுதுகிறார்கள். எதுவும் அங்கே நகரவில்லை. கெடுபிடியான ஆசிரியர் சிவப்பு மையால் சுழிப்பார், ஆனால் அர்த்தம் கெடுவதில்லை. கை கால்களுக்கு, உடலை நோக்கி, உடலை விட்டு விலகி என்று தனிச் சொற்கள் இருக்கின்றன. தலைக் கணக்கு அங்கே தேவையில்லை என்றுதான் பாடம் சொல்லும். அதே பாடத்தின் அடுத்த பக்கத்தில், முழங்காலைப் பக்கவாட்டில் படம் எடுக்கக் கதிரை ஐந்தாறு டிகிரி செஃபலாட்டாகச் சாய்க்கச் சொல்லியிருப்பார்கள்.

இரைப்பைக்கு நடந்ததுதான் உச்சம். உடலியங்கியல் பாடத்தில் இரைப்பையின் மேல்பாதிக்கு ஓராட் பகுதி, கீழ்ப்பாதிக்கு காடாட் பகுதி என்றே பெயர். மேல்பாதி தளர்ந்து உணவுக்கு இடம் கொடுக்கும், கீழ்ப்பாதி அதைப் பிசைந்து கூழாக்கும். வாயை நோக்கியது ஒன்று, வாலை நோக்கியது ஒன்று. ஜோடியே பொருந்தவில்லை. திசை காட்ட வந்த இரண்டு வினையடைகளும் பயணத்தை நிறுத்திவிட்டு, ஒரு பைக்குள் இரண்டு அறைகளுக்குப் பெயர்ப்பலகையாகத் தொங்குகின்றன.

தங்கை மகன் போன வாரம் மறுபடி அழைத்தான். அந்தக் காறை எலும்புப் படம் சரியாக வந்துவிட்டதாம். நோட்டில் செஃபலாட்டுக்குப் பக்கத்தில் ‘தென்றல் இல்லை’ என்று எழுதி வைத்திருக்கிறான். பரீட்சையிலும் அப்படியே எழுதிவிடாதே என்று சொல்லியிருக்கிறேன்.